மூன்று பகடையும் ஒரு மழையும்

ஜூன் 4

அக்காவுக்கு,

போனில் பேசினால் நமக்குள் சண்டைதான் மிஞ்சுகிறது. நீ "சொல்லு" என்று சொல்லும் தொனியிலேயே எனக்குச் சுர்ரென்று ஏறிவிடுகிறது. என் "ம்" கேட்டால் உனக்கும் அப்படித்தான் என்று போன வாரம் நீயே கத்தினாய். அதனால்தான் காகிதத்தை எடுத்திருக்கிறேன். தபால் உன் கைக்கு வருவதற்குள் எனக்குப் பாதிக் கோபமாவது ஆறியிருக்கும்.

அப்பா விஷயம். நீ கிளம்பிப் போன பிறகு அவர் ஞாபகம் இன்னும் ஒரு படி இறங்கிவிட்டது. ரிட்டயர் ஆகி எத்தனையோ வருஷம் ஆகியும் ரயில்வே கேட்கீப்பர் உத்தியோகம் மட்டும் அவரை விடவில்லை. ரயில் ஊதினால் போதும், எழுந்து செருப்பைத் தேடுகிறார். காலை வண்டிக்கு நான் வீட்டில் இருக்கிறேன். ராத்திரி வண்டிக்கும் இருக்கிறேன். சாயங்காலம் ஐந்து மணி வண்டிதான் எமன். நான் கண்ணாடிக் கடையிலிருந்து வீட்டுக்கு வர ஆறாகிவிடும். மதியம் ஓடிவந்து சாப்பாடு கொடுத்துவிட்டுத் திரும்பிப் போய், யாருடைய கண்ணுக்கோ பவர் பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். அந்த வண்டி ஊதுவது கடை வரைக்கும் கேட்கும். கேட்டவுடன் வேலையை விட்டுவிட்டுத் தெருவைப் பார்க்கிறேன். நேற்று ஒரு பெரியவருக்கு இடது கண் லென்ஸை வலது பக்கம் மாட்டிக் கொடுத்துவிட்டேன்.

முந்தாநாள் வீட்டுக்கு வந்தால் அப்பா மாடிப்படியில் பாதி இறங்கி நிற்கிறார். சட்டைப் பொத்தான் எல்லாம் சரியாகப் போட்டிருக்கிறார். "டியூட்டிக்கு நேரமாச்சும்மா, வழி விடு" என்றார். கேட் நம் தெருக்கோடியில்தான் இருக்கிறது என்பது உனக்குத் தெரியும்.

உனக்கு வேலை மாற்றம் வந்தது, போனாய், சரி. போகும்போது "ஏதாவது வழி பண்ணலாம்"னு சொன்னாயே, அந்த வழி என்ன?

சின்னவள்

ஜூன் 9

சின்னவளுக்கு,

கடிதம் வந்தது. இரண்டு நாள் யோசித்தேன். எனக்கு யோசிக்கத் தெரிந்த வழி ஒன்றுதான், உனக்கே தெரியும். சிரிக்காமல் படி.

இந்த வாரம் ஒன்பதாம் வகுப்புக்கு நிகழ்தகவு நடத்துகிறேன். ஒரு பகடையை உருட்டினால் ஆறு விழ வாய்ப்பு ஆறில் ஒன்று. சிவப்புப் பகடை ஒன்று, நீலப் பகடை ஒன்று, இரண்டையும் சேர்த்து உருட்டினால்? சிவப்பில் என்ன விழுந்தது என்பது நீலத்துக்குத் தெரியாது. ஒன்று மற்றதைச் சாராது. அதனால் இரண்டு வாய்ப்பையும் பெருக்கிவிடலாம். இரண்டிலும் ஆறு விழ முப்பத்தாறில் ஒன்று. மூன்று பகடை என்றால் இருநூற்றுப் பதினாறில் ஒன்று. இதற்குச் சார்பற்ற நிகழ்ச்சிகள் என்று பெயர்.

இப்போது அப்பாவுக்கு வா. அவருக்கும் தண்டவாளத்துக்கும் நடுவில் மூன்று காவல் வைப்போம். முதலாவது, கதவுக்கு வெளியே ஒரு தாழ்ப்பாள். மதியம் நீ திரும்பும்போது போட்டுவிட்டுப் போ. இரண்டாவது, கீழ்வீட்டு டெய்லர் அண்ணன். படிக்கட்டைப் பார்த்தபடிதானே அவர் மெஷின் இருக்கிறது? மூன்றாவது, இப்போது கேட்டில் இருக்கும் தம்பி. அப்பா வந்தால் உட்கார வைத்துப் பேச்சுக் கொடுக்கச் சொல். ஒவ்வொரு காவலும் ஆறு நாளில் ஒரு நாள் ஏமாற்றும் என்று தாராளமாகவே வைத்துக்கொள்வோம். மூன்றும் ஒரே நாளில் ஏமாற்றினால்தான் ஆபத்து. இருநூற்றுப் பதினாறில் ஒன்று.

உடனே "பட்ட காலிலே படும்"னு அம்மா மாதிரி ஆரம்பிக்காதே. அது கணக்குத் தெரியாதவர்கள் சொன்னது. எந்தக் கால் ஏற்கெனவே பட்ட கால் என்று கல்லுக்குத் தெரியுமா?

வகுப்பில் ஒரு வேடிக்கை. ஒரு பெண் களிமண்ணில் தானே பகடை செய்து கொண்டுவந்தாள். எத்தனை தடவை உருட்டினாலும் நாலுதான். "மிஸ், இதுக்கு நாலு ரொம்பப் பிடிக்கும்போல" என்கிறாள். வகுப்பே சிரித்தது. ஒரே முகம் திரும்பத் திரும்ப விழுந்தால் அதிர்ஷ்டத்தைச் சந்தேகப்படாதே, பகடையைச் சந்தேகப்படு, அதற்கு ஏதோ ஒரு பக்கம் கனமாக இருக்கும் என்று சொல்லிக் கொடுத்தேன்.

தாழ்ப்பாள் போட்டதும் எழுது.

அக்கா

ஜூன் 15

அக்காவுக்கு,

ஏட்டுச் சுரைக்காய் கறிக்கு உதவாது என்பார்கள். உன் சுரைக்காயை வைத்துச் சமைத்துப் பார்த்ததைச் சொல்கிறேன்.

தாழ்ப்பாள் போட்டாயிற்று. முதல் நாள் அதைத் தள்ளும்போது உள்ளேயிருந்து அப்பா "யாரது, கதவை ஏன் வெளியில சாத்துறீங்க?" என்று கேட்டார். பெற்ற அப்பாவைக் கைதி மாதிரி பூட்டிவிட்டுப் படியிறங்கினேன். உன் கணக்கில் இதற்கு எத்தனையில் எத்தனை?

டெய்லர் அண்ணன் "அதுக்கென்னம்மா, என் கண்ணு படியிலதான் இருக்கும்" என்றார். கண் படியில்தான் இருக்கிறது, ஆள்தான் நாலரைக்கு டீ குடிக்கப் போய்விடுகிறார். கேட்டுத் தம்பி நல்ல பிள்ளை. அப்பாவை "சீனியர்" என்று கூப்பிடுகிறான். ஒரு நாள் வந்தவரை ஸ்டூலில் உட்கார வைத்துக் கொடியைக் கையில் கொடுத்திருக்கிறான். ஆமாம், அன்றைக்கு நான் தாழ்ப்பாளை மறந்துவிட்டேன். டெய்லர் அண்ணனும் டீக்குப் போயிருந்தார். இரண்டு பகடையிலும் ஆறு விழுந்து, மூன்றாவது காப்பாற்றியிருக்கிறது. சந்தோஷமா?

இன்னொன்று கேட்கிறேன். இருநூற்றுப் பதினாறில் ஒன்று என்றாயே, அது ஒரு நாளைக்கா, ஒரு ஜன்மத்துக்கா? ஐந்து மணி வண்டி தினமும் வருகிறது. நீ தினமும் மூன்று பகடையை உருட்டச் சொல்கிறாய். இருநூற்றுப் பதினாறு நாள் என்பது ஏழு மாதம். அதற்குள் ஒரு நாள் மூன்றும் ஆறாக விழாதா? நான் கணக்கில் பார்டர் பாஸ்தான். ஆனால் லென்ஸ் கடைக்காரிக்கு, சின்னதாகத் தெரிவது தூரத்தில் இருப்பதாலா, நிஜமாகவே சின்னதாக இருப்பதாலா என்று கேட்கத் தெரியும்.

அப்பாவுக்கு நாலு நாளாக என்னை அடையாளம் தெரியவில்லை. "நர்ஸம்மா" என்கிறார். நாலு நாள் தெரியவில்லையே, இன்றைக்காவது தெரியும் என்று நினைத்துக்கொண்டே படியேறினேன். தெரியவில்லை. வழக்கமாகக் கேட்பதைக் கேட்டார். அதை விடு.

சின்னவள்

ஜூன் 20

சின்னவளுக்கு,

நீ கேட்டது சரி. நான் விட்டுவிட்டேன் என்று எழுதக் கை கூசுகிறது. ஒரு நாளைக்கு இருநூற்றுப் பதினாறில் ஒன்று என்றால், ஏழு மாதத்தில் ஒரு தடவையாவது நடக்க நூற்றுக்கு அறுபதுக்கும் மேல் வாய்ப்பு. இதைப் பரீட்சைத் தாளில் எந்தப் பிள்ளையாவது விட்டிருந்தால் சிவப்பு மையில் வட்டம் போட்டிருப்பேன். சொந்த அப்பாவுக்குப் போட்ட கணக்கில் பாதியில் பேனாவை மூடியிருக்கிறேன். பதில் சின்னதாக வந்ததும் நிம்மதியாகிவிட்டது, அதற்கு மேல் பார்க்கப் பிடிக்கவில்லை போல.

ஏமாற்றுவதைக் குறைக்கலாம். தாழ்ப்பாளை மறக்காமல் இருக்க மணிக்கட்டில் ரப்பர் வளையம் மாட்டிக்கொள். டெய்லர் அண்ணனுக்கு டீயை மேஜைக்கே வரவழைத்துக் கொடு.

நாலு நாள் தெரியாததால் ஐந்தாம் நாள் தெரியும் என்பது மட்டும் வேண்டாம்மா. பகடைக்கு ஞாபகம் கிடையாது. நாலு தடவை உருட்டி ஆறு விழவில்லை என்றாலும் ஐந்தாவதுக்கு அதே ஆறில் ஒன்றுதான். இதை எழுதிவிட்டுப் பேனாவை வைத்துவிட்டேன். ஞாபகம் கிடையாது என்று எதைப் பற்றி எழுதுகிறேன் என்று அப்புறம்தான் உறைத்தது. கோபித்துக்கொள்ளாதே. அந்த வரியை அடிக்க மனம் வரவில்லை, நிஜத்தை அடித்து மட்டும் என்ன செய்வது.

இங்கே என் அறைக்கு ஒரே ஜன்னல். சாயங்காலம் ஐந்து மணியானால் விடைத்தாளில் மனம் நிற்பதில்லை. இந்த ஊரில் ரயில் பாதையே பக்கத்தில் இல்லை. இருந்தும் காதைத் தீட்டிக்கொண்டு உட்கார்ந்திருக்கிறேன். விடுதி அறைக் கதவைச் சாத்திவிட்டு வந்து, திரும்பப் போய்ச் சாத்தியிருக்கிறதா என்று இழுத்துப் பார்க்கிறேன். பக்கத்து அறை டீச்சர் "உங்களுக்கு என்ன, அப்படி என்ன நகை நட்டு உள்ளே?" என்று கேட்டார்.

அப்பா வழக்கமாக என்ன கேட்கிறார்? எழுது.

அக்கா

ஜூலை 3

அக்காவுக்கு,

தலைக்கு வந்தது தலைப்பாகையோடு போனது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், அப்பா உயிரோடு இருக்கிறார். இப்போது ஜுரத்தில் தூங்குகிறார். இனி படி.

திங்கட்கிழமை மதியத்திலிருந்து மழை. சாதாரண மழை இல்லை, கொட்டித் தீர்த்தது. நான் சாப்பாடு கொடுத்துவிட்டுக் கதவைச் சாத்தினேன். சாத்த வரவில்லை. நம் கதவு மழைக்கு ஊதிக்கொள்ளும் என்பதை நீ மறந்துவிட்டாய், பிறந்ததிலிருந்து அதோடு மல்லுக்கட்டுகிற நானும் மறந்துவிட்டேன். ஒரு விரல் இடைவெளியில் முட்டிக்கொண்டு நின்றது. தாழ்ப்பாள் நுனி துளைக்குப் போகவே இல்லை. தோளால் இடித்தேன். பாதி போன மாதிரி இருந்தது. கடைக்கு நேரமாகிவிட்டது, டெய்லர் அண்ணன் இருக்கிறார் அல்லவா என்று இறங்கிவிட்டேன். எனக்காக டீயை மேஜைக்கே வரவழைத்துக் குடிக்கிற மனிதராயிற்றே.

சாரல் உள்ளே அடித்துத் துணியெல்லாம் நனைகிறது என்று டெய்லர் அண்ணன் நாலு மணிக்கு ஷட்டரை இறக்கியிருக்கிறார். அவர் மேல் என்ன தப்பு? யாரோ கொடுத்த துணி. கேட்டில் தம்பி சாரலுக்குப் பயந்து ஜன்னலைச் சாத்திக்கொண்டு உள்ளேயே இருந்தான். தகரக் கூரையில் மழைச் சத்தம். கண்ணாடியில் ஆவி. ஊதினதைக் கேட்டு, உள்ளே இருந்தபடியே கேட்டை இறக்கிவிட்டான். இறக்குகிற கேட்டுக்குள்ளே ஒரு ஆள் நிற்பது அவனுக்குத் தெரியவில்லை.

மழைக்குக் கடையில் ஈ எறும்பு இல்லை. முதலாளி ஐந்து மணிக்கு முன்னாலேயே போகச் சொல்லிவிட்டார். வண்டியும் மழைக்குத் தாமதம். தெருமுனையில் திரும்பும்போது பார்க்கிறேன். இரண்டு பக்கமும் கேட் இறங்கியிருக்கிறது. நடுவில், தண்டவாளத்தில், அப்பா. தொப்பலாக நனைந்து, கையை விரித்துக்கொண்டு, ரோட்டில் வராத வண்டிகளை நிறுத்திக்கொண்டிருக்கிறார்.

"அப்பா! அப்பா!" என்று தொண்டை கிழியக் கத்தினேன். திரும்பவே இல்லை. வளைவில் வெளிச்சம் தெரிகிறது. இன்னொரு தடவை "அப்பா" என்றேன். யாரையோ கூப்பிடுகிறார்கள் என்று நினைத்திருப்பார். எனக்கு எங்கிருந்து வந்தது என்று தெரியவில்லை, "கேட் திறந்திருக்கு! கேட்டைச் சாத்துங்க!" என்று கத்தினேன்.

உடனே திரும்பினார். என் பக்கம் ஓடிவந்தார். அந்த வயதில் அப்படி ஓட முடியும் என்று நான் நினைக்கவில்லை. கேட் கம்பியில் கையை வைத்து, இறங்கியிருக்கிறதா என்று அழுத்திப் பார்த்தார். நான் கம்பிக்கு மேலே சாய்ந்து அவர் சட்டையைக் கொத்தாகப் பிடித்து இழுத்தேன். அவர் முதுகுக்குப் பின்னால் வண்டி போனது. வண்டி போய் முடிகிற வரைக்கும் இரண்டு பேரும் கம்பியைப் பிடித்தபடியே நின்றோம்.

"சாத்திதாம்மா இருக்கு, எதுக்குப் பயப்படுறே" என்றார்.

அன்றைக்கு உனக்குப் போன் செய்தேன். மூன்று தடவை. நீ எடுக்கவில்லை.

சின்னவள்

ஜூலை 7

சின்னவளுக்கு,

போன் அடித்தபோது கையில்தான் இருந்தது. உன் பெயரைப் பார்த்தேன். சண்டைக்குத்தான் கூப்பிடுகிறாய் என்று நினைத்து, ஆறட்டும் என்று கவிழ்த்து வைத்தேன். மறுபடி அடித்தது. இன்னும் கோபம் ஆறவில்லை என்று நினைத்தேன். இதற்கு மேல் இதைப் பற்றி எழுத எனக்குத் தெரியவில்லை.

மூன்று பகடையும் ஒன்றையொன்று சாராது என்று எழுதினேன் அல்லவா? மூன்றும் மழையைச் சார்ந்திருந்தன. ஒரே மழை கதவை ஊதவைத்தது, ஷட்டரை இறக்கியது, ஜன்னலைச் சாத்தியது. பெருக்கியிருக்கவே கூடாது. காய்ந்த நாளுக்குத்தான் அந்தக் கணக்கு. மழை நாளில் மூன்றும் ஒரே பகடை. இத்தனைக்கும் மழை என்றால் அப்பா டியூட்டிக்கு அரை மணி முன்னாலேயே போய்விடுவார், டிரைவருக்குக் கண் தெரியாது என்று. அது உனக்கும் தெரியும், எனக்கும் தெரியும். ஆபத்து கூடுகிற நாளும் காவல் குறைகிற நாளும் ஒன்றே.

பட்ட காலிலே படும் என்றதைக் கேலி செய்தேன். கல்லுக்குத் தெரியாதுதான். ஆனால் பட்ட கால் வலிக்கும். வலிக்கிற காலைச் சரியாகத் தூக்கி வைக்க முடியாது, இழுத்து இழுத்துத்தான் நடக்க முடியும். அது இன்னொரு கல்லில் இடிக்காமல் என்ன செய்யும்? அம்மா கணக்குத் தெரிந்துதான் சொல்லியிருக்கிறாள்.

தலைமையாசிரியரிடம் நீண்ட விடுப்பு கேட்டிருக்கிறேன். திரும்ப அங்கேயே மாற்றல் கேட்டும் எழுதிக் கொடுத்திருக்கிறேன். ஆனால் ஒரு பயம். உன்னிடம் சொல்லாமல் யாரிடம் சொல்வது? தினமும் பக்கத்தில் இருக்கிற உன்னையே "நர்ஸம்மா" என்கிறார். இத்தனை நாள் கண்ணில் படாத என்னைத் துடைத்தே விட்டிருப்பார். வாசலில் வந்து நின்று, "யாரும்மா வேணும்?" என்று கேட்டுவிட்டால் எனக்குத் தாங்காது. நான் கிளம்பிப் போனதே ஒரு வகையில் அந்தக் கேள்விக்குப் பயந்துதான். அவர் மறப்பதற்குள் ஓடிவிட்டேன்.

போன கடிதத்தில் கேட்டதற்கு நீ பதில் எழுதவில்லை. அப்பா வழக்கமாக என்னதான் கேட்கிறார்?

அக்கா

ஜூலை 12

அக்காவுக்கு,

ஜுரம் விட்டுவிட்டது. நேற்று தச்சரைக் கூட்டிவந்து கதவின் அடியைச் சீவவைத்தேன். இழைப்புளி போகப் போகச் சுருள் சுருளாக வந்தது. அப்பா அதையெல்லாம் பொறுக்கி மடியில் வைத்துக்கொண்டார். தாழ்ப்பாளைக் கழற்றிவிட்டேன். முதலாளியிடம் நாலரைக்கே கிளம்பிவிடுவேன், காலையில் முன்னதாக வருகிறேன் என்று சொல்லியாயிற்று. இப்போது ஐந்து மணி வண்டி ஊதும்போது நானும் அப்பாவும் சேர்ந்து கேட் வரைக்கும் நடக்கிறோம். சாத்தியிருக்கிறதா என்று பார்க்கிறார், தம்பிக்கு ஒரு சல்யூட் வைக்கிறார், திரும்புகிறோம். தம்பி இப்போதெல்லாம் மழையிலும் ஜன்னலைச் சாத்துவதில்லை. இப்படி எத்தனை நாள் ஓடும் என்று தெரியாது. ஒற்றை ஆளாக நான் ஒரே பகடைதான். எனக்கும் ஜுரம் வரும், எனக்கும் கால் சறுக்கும்.

போனை எடுக்காததற்கு உன்னை நன்றாகத் திட்டி இரண்டு பக்கம் எழுதினேன். அதைக் கிழித்துவிட்டேன். நானும் ஒன்றை மறைத்திருக்கிறேன் என்பதால் கிழித்தேன்.

அவர் கேட்பதை நான் எழுதாததற்குக் காரணம் பொறாமை. வேறு நல்ல வார்த்தை தேடிப் பார்த்தேன், கிடைக்கவில்லை. குளிப்பாட்டுவது நான், ஊட்டிவிடுவது நான், ராத்திரி நாலு தடவை எழுந்து போர்த்திவிடுவது நான். என் முகம் அவருக்குத் தெரியவில்லை. தண்டவாளத்தில் நின்றபோதுகூட என் "அப்பா" அவர் காதில் ஏறவில்லை. அப்படி இருக்கும்போது அந்தக் கேள்வியை உனக்கு எழுத எனக்கு மனம் வரவில்லை. நீ ஓடிப்போனவள், உனக்கு ஏன் இந்தச் சந்தோஷம் என்று இருந்தது.

பகடைக்கு ஞாபகம் கிடையாது என்று எழுதினாய். சரிதான். இவர் ஒவ்வொரு சாயங்காலமும் புதிதாக உருட்டிவிட்ட பகடைதான். நேற்று என்ன சாப்பிட்டார் தெரியாது. நான் யார் தெரியாது. அம்மா போனது தெரியாது. ஒரு நாள் என்னை நர்ஸ் என்கிறார், ஒரு நாள் கண்ணாடிக்காரி என்கிறார், ஒரு நாள் எந்தப் பெயரும் சொல்லிக் கூப்பிடுவதில்லை.

ஆனால் நான் படியேறி வரும் சத்தம் கேட்டதும், நீ போன நாளிலிருந்து, ஒரு நாள் தப்பாமல் ஒரே கேள்வி: "பெரியவ வந்துட்டாளா?"

இன்றைக்கும் கேட்டார். நான் இன்னும் இல்லை என்றேன். "மழையில மாட்டியிருப்பா, கதவைச் சாத்தாதே" என்றார்.

ஒரே முகம் திரும்பத் திரும்ப விழுந்தால் என்ன அர்த்தம் என்று நீதானே பிள்ளைகளுக்குச் சொல்லிக் கொடுத்தாய். கிளம்பி வா அக்கா. கதவு இப்போது மழையிலும் திறக்கிறது.

சின்னவள்